பெருக்கிப் பார்த்தால் தெரிந்துவிடும்: காரணிப்படுத்திய விடையைச் சரிபார்ப்பது

கேள்வி சுருக்கமாக இது. ஒன்பதாம் வகுப்பு படிக்கும் மகள் 6ம² − 7ம − 20 என்ற கோவையைக் காரணிப்படுத்தி (2ம − 5)(3ம + 4) என்று எழுதியிருக்கிறாள். கையில் இருந்த கைடில் (2ம + 5)(3ம − 4) என்று அச்சாகியிருக்கிறது. தன் விடைதான் தப்பு என்று நினைத்து அதை அழித்துவிட்டு, கைடில் இருந்ததை எழுதிக்கொண்டாள். இரண்டில் எது சரி, விடைப் பக்கத்தைப் பார்க்காமல் அவளாகவே தெரிந்துகொள்ள வழி இருக்கிறதா என்று அவள் அம்மா கேட்டிருக்கிறார்.

(பாடப்புத்தகத்தில் எக்ஸ் என்று வரும் இடத்தில் நான் 'ம' என்று எழுதுகிறேன். மாறி என்பதன் முதல் எழுத்து. வேறு வித்தியாசம் எதுவும் இல்லை.)

அம்மா, உங்கள் மகள் எழுதியதுதான் சரி. கைடில் இருப்பது தப்பு. நான் சொல்வதற்காக இதை நம்ப வேண்டாம், கைடு சொல்வதற்காகவும் நம்ப வேண்டாம். அவளையே ஒரு தாளை எடுத்துப் பெருக்கிப் பார்க்கச் சொல்லுங்கள்.

அவள் எழுதிய விடை:

2ம × 3ம = 6ம²
2ம × 4 = 8ம
−5 × 3ம = −15ம
−5 × 4 = −20

கூட்டினால் 6ம² + 8ம − 15ம − 20, அதாவது 6ம² − 7ம − 20. கேள்வியில் இருந்த கோவை அப்படியே திரும்பி வந்துவிட்டது.

கைடில் இருந்தது:

2ம × 3ம = 6ம²
2ம × (−4) = −8ம
5 × 3ம = 15ம
5 × (−4) = −20

கூட்டினால் 6ம² + 7ம − 20. முதல் உறுப்பும் கடைசி உறுப்பும் பொருந்துகின்றன, நடு உறுப்பின் குறி மட்டும் மாறிவிட்டது. அச்சில் பிளஸும் மைனஸும் இடம் மாறியிருக்க வேண்டும்.

இவ்வளவு சின்ன வேலைதான். ஆனாலும் அந்தப் பெண் சரியான விடையைத் தன் கையாலேயே அழித்தாள் என்று படித்தபோது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. பல வருடம் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்ததில் இதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். விடைப் பக்கம் ஒன்று சொல்லிவிட்டால் பிள்ளை தன் கணக்கைத் திரும்பிப் பார்ப்பதே இல்லை. காரணிப்படுத்தும் கணக்கில் விடை சரியா என்று யாரிடமும் கேட்க வேண்டிய அவசியமே கிடையாது. அதனால் இந்தப் பழக்கம் வேறு எந்தப் பாடத்தை விடவும் இங்கேதான் வீணான இழப்பு. இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

காரணிகளைக் கண்டுபிடிப்பது தேடல். −120 (அதாவது 6 × −20) என்ற பெருக்கற்பலனும் −7 என்ற கூட்டுத்தொகையும் வரும் இரண்டு எண்கள் எவை என்று மனதுக்குள் துழாவ வேண்டியிருக்கிறது. சில நேரம் உடனே கிடைக்கும், சில நேரம் பத்து நிமிடம் ஆனாலும் கிடைக்காது. பெருக்குவதில் தேடல் எதுவும் இல்லை. எல்லோருக்கும் ஒரே வழி, ஒரே விடை. கண்டுபிடிக்கக் கஷ்டமான ஒன்றை, கண்டுபிடித்த பிறகு சுலபமாகச் சோதித்துவிடலாம்.

எண்களில் இதற்குப் புகழ்பெற்ற உதாரணம் ஒன்று உண்டு. 2⁶⁷ − 1 என்ற எண் பகா எண் என்று 1644இல் மெர்சென் என்ற பிரெஞ்சு அறிஞர் தன் பகா எண் பட்டியலில் சேர்த்திருந்தார். 1876இல் லூக்கா என்ற பிரெஞ்சுக் கணிதர் அது பகா எண் அல்ல என்று காட்டினார். ஆனால் அவர் முறையில் காரணிகள் என்ன என்று தெரியவில்லை. 1903 அக்டோபரில் அமெரிக்கக் கணிதவியல் கழகத்தின் கூட்டத்தில் ஃபிராங்க் நெல்சன் கோல் அந்தக் காரணிகளை முன்வைத்தார். அவர் ஒரு வார்த்தையும் பேசாமல் கரும்பலகைக்குப் போய், ஒரு பக்கம் 2⁶⁷ − 1 எவ்வளவு என்று கணக்கிட்டு 147573952589676412927 என்று எழுதினார், அடுத்த பக்கம் 193707721 × 761838257287 என்று எழுதிக் கையாலேயே பெருக்கிக் காட்டினார், இரண்டும் ஒன்றாக வந்ததும் கூடியிருந்தவர்கள் எழுந்து கைதட்டினார்கள் என்று சொல்வார்கள். அதைக் கண்டுபிடிக்க எவ்வளவு நாள் ஆனது என்று பிற்பாடு கேட்டதற்கு, மூன்று வருடத்து ஞாயிற்றுக்கிழமைகள் என்றாராம். பல வருடத் தேடலைச் சரிபார்க்க ஒரே ஒரு பெருக்கல் போதுமாக இருந்தது. அங்கே இருந்தவர்கள் கோல் பெரிய ஆள் என்பதற்காக ஒப்புக்கொள்ளவில்லை, பெருக்கல் சரியாக இருந்ததால் ஒப்புக்கொண்டார்கள். உங்கள் மகளின் நோட்டிலும் இதே நியாயம்தான்.

இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு. பெருக்கிப் பார்க்கும் அளவுக்குப் போகாமல் ஒரு மேதை சறுக்கிய கதை. 1702இல் லைப்னிட்ஸ், ம⁴ + 1 போன்ற கோவையை (அவர் எழுதியது ம⁴ + அ⁴ என்ற பொது வடிவம்) மெய்யெண் கெழுக்கள் (மாறிக்கு முன்னால் நிற்கும் எண்கள்) கொண்ட இரண்டு இருபடிக் காரணிகளாகப் பிரிக்கவே முடியாது என்று எழுதினார். நுண்கணிதத்தை உருவாக்கியவர்களில் ஒருவர். ஆனால் இதைப் பாருங்கள்:

(ம² + √2 ம + 1)(ம² − √2 ம + 1)

முதல் அடைப்பில் மூன்று உறுப்பு, இரண்டாவதில் மூன்று. ஒன்பது பெருக்கல்கள்:

ம⁴ − √2 ம³ + ம²
+ √2 ம³ − 2ம² + √2 ம
+ ம² − √2 ம + 1

ம³ உறுப்புகள் அடிபட்டுப் போகின்றன. ம² உறுப்புகள் 1 − 2 + 1, பூச்சியம். ம உறுப்புகளும் அடிபடுகின்றன. மிஞ்சுவது ம⁴ + 1. பத்தாம் வகுப்புப் பிள்ளை மூன்று வரியில் செய்துவிடலாம். இந்தக் காரணிகள் எங்கிருந்து வந்தன என்று கேட்டால், ம⁴ + 1 = (ம² + 1)² − 2ம² என்று எழுதி, இரண்டு வர்க்கங்களின் வித்தியாசம் என்ற முற்றொருமையைப் போட வேண்டும். அது தோன்றுவதுதான் கஷ்டம். யாருக்காவது தோன்றிவிட்டால், சரியா தப்பா என்ற வாதத்துக்கே இடமில்லை.

இதே தந்திரத்தில்தான் ம⁴ + 4 = (ம² + 2ம + 2)(ம² − 2ம + 2) என்பதும் வருகிறது. சோஃபி ஜெர்மைன் முற்றொருமை என்று இதற்குப் பெயர். 'கூட்டல் குறி இருந்தால் காரணி கிடையாது' என்று மனப்பாடம் செய்த பிள்ளைகளிடம் இதைக் கொடுத்துப் பெருக்கச் சொல்வது எனக்குப் பிடித்த வேலை. நம்பாமல்தான் ஆரம்பிப்பார்கள். கடைசி வரியில் 4 மட்டும் மிஞ்சும்போது அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும்.

சரி, பெருக்கிப் பார்க்கிறேன் என்று உட்காரும் பிள்ளைகள் எங்கே தவறுகிறார்கள் என்பதுதான் அடுத்த விஷயம்.

பெரும்பாலானவர்கள் பெருக்குவதே இல்லை. தான் செய்த படிகளைக் கீழிருந்து மேலாகப் படித்துப் பார்ப்பார்கள். 6ம² − 15ம + 8ம − 20 என்று முன்பே பிரித்து எழுதியிருப்பதால், பெருக்கும்போதும் கண் அந்த வரிக்கே போகும், அதையே பார்த்து எழுதிவிட்டுச் 'சரி' என்று டிக் போட்டுக்கொள்வார்கள். முதலில் எந்த இடத்தில் குறி தவறியதோ, அதே இடத்தில் திரும்பவும் தவறும். அதனால் நான் எப்போதும் சொல்வது: செய்த படிகளை ஒரு ஸ்கேலாலோ தாளாலோ மூடிவிடு. விடையை மட்டும் பார்த்துப் பெருக்கு. வந்த கோவையை நோட்டில் நீ எழுதிக்கொண்ட கேள்வியோடு ஒப்பிடாதே, வினாத்தாளில் அச்சாகியிருக்கும் கேள்வியோடு ஒப்பிடு. கேள்வியைப் பார்த்து எழுதும்போதே −7ம என்பதை 7ம என்று எழுதிக்கொண்டு, அதற்குப் பிறகு எல்லாமே சரியாகச் செய்து மதிப்பெண்ணை விட்ட பிள்ளைகள் நிறையப் பேர்.

இன்னொன்று எண்ணிக்கை. முதல் அடைப்பில் எத்தனை உறுப்பு, இரண்டாவதில் எத்தனை என்று பார்த்து, அந்த இரண்டையும் பெருக்கினால் வரும் எண்ணிக்கையில்தான் தனிப் பெருக்கல்கள் இருக்க வேண்டும். இரண்டுக்கு இரண்டு என்றால் நான்கு. இரண்டுக்கு மூன்று என்றால் ஆறு. ஒத்த உறுப்புகளைச் சேர்ப்பதற்கு முன்னால் எண்ணிப் பார்க்க வேண்டும். சேர்த்த பிறகு எண்ணினால் விட்டுப்போனது தெரியாது. மூன்று அடைப்புகள் இருந்தால் முதலில் இரண்டை மட்டும் பெருக்கிச் சுருக்கிவிட்டு, அப்புறம் மூன்றாவதைத் தொடலாம். மூன்றையும் ஒரே மூச்சில் பெருக்க முயன்றால் குழப்பம்தான் வரும்.

கோவையின் படி (ம-வின் மிக உயர்ந்த அடுக்கு) கூடக் கூட, கெழுக்களை மட்டும் எழுதிப் பெருக்குவது வசதி. (ம − 1)(ம² − 5ம + 6) என்பதைப் பாருங்கள். இரண்டாவது அடைப்பின் கெழுக்கள் 1, −5, 6. இதை ம-ஆல் பெருக்கியது முதல் வரி. −1-ஆல் பெருக்கியது இரண்டாவது வரி, ஒரு இடம் வலப்பக்கம் தள்ளி எழுத வேண்டும்:

முதல் வரி: 1, −5, 6, 0
இரண்டாவது வரி: 0, −1, 5, −6
கூட்டினால்: 1, −6, 11, −6

அதாவது ம³ − 6ம² + 11ம − 6. தொகுமுறை வகுத்தல் தெரிந்த பிள்ளைக்கு இது பழகிய முகமாகவே இருக்கும், அதையே பின்னோக்கிச் செய்வதுதான் இது. ஒரே எச்சரிக்கை, இல்லாத உறுப்புக்குப் பூச்சியம் போட மறக்கக் கூடாது. ம³ − 7ம + 6 என்றால் கெழுக்கள் 1, 0, −7, 6. அந்தப் பூச்சியத்தை விட்டால் எல்லா வரிகளும் ஒரு இடம் நகர்ந்து கணக்கே குலைந்துவிடும்.

அடுத்து நான் அதிகம் கவலைப்படும் ஒரு தவறு. நம் பள்ளிகளில் நடு உறுப்பைப் பிரிப்பதற்குக் குறுக்குக் கோடுகள் போட்டு, மேலே பெருக்கற்பலன், கீழே கூட்டுத்தொகை, இரண்டு பக்கமும் இரண்டு எண்கள் என்று எழுதும் முறை உண்டு. அந்த எண்களைத் தலைக் கெழுவால் (ம²-க்கு முன்னால் நிற்கும் எண்ணால்) வகுத்துச் சுருக்கினால் காரணி வந்துவிடும். 6ம² − 7ம − 20 கணக்கில் −15/6 என்பது −5/2 ஆகி (2ம − 5) என்றும், 8/6 என்பது 4/3 ஆகி (3ம + 4) என்றும் வரும். வேகமான வழிதான், நானே சொல்லிக்கொடுத்திருக்கிறேன். ஆனால் 6ம² + 18ம + 12 என்று கொடுத்துப் பாருங்கள். பெருக்கற்பலன் 72, கூட்டுத்தொகை 18, எண்கள் 12, 6. ஆறால் வகுத்தால் 2, 1. பிள்ளை (ம + 2)(ம + 1) என்று எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போய்விடும். பெருக்கினால் ம² + 3ம + 2 தான் வரும். ஒரு 6 காணாமல் போயிருக்கிறது. சரியான விடை 6(ம + 2)(ம + 1).

இந்தத் தவறைப் பெருக்கல் உடனே பிடித்துவிடும். பல பிள்ளைகள் பெருக்கலுக்குப் பதிலாகச் செய்யும் இன்னொரு சோதனை இதைப் பிடிக்கவே பிடிக்காது. காரணித் தேற்றம் படித்த பிறகு, ம = −2 என்று போட்டால் கோவை பூச்சியமாகிறதா, ம = −1 என்று போட்டால் பூச்சியமாகிறதா என்று பார்ப்பார்கள். இரண்டும் பூச்சியமாகும். 'சரி' என்று முடித்துவிடுவார்கள். பூச்சியம் வருவதால் (ம + 2), (ம + 1) இரண்டும் காரணிகள் என்று தெரிகிறது, வெளியே இருக்க வேண்டிய 6 பற்றி ஒன்றும் தெரியவில்லை.

ஒரு காரணி இரண்டு முறை வரும் இடத்திலும் இதே சிக்கல். ம³ − 4ம² + 5ம − 2 என்பதன் சரியான காரணிகள் (ம − 1)(ம − 1)(ம − 2). யாராவது (ம − 1)(ம − 2)(ம − 2) என்று எழுதினால், பூச்சியமாகும் இடங்கள் இரண்டு விடைக்கும் ஒன்றேதான், 1, 2. பெருக்கினால்தான் இது ம³ − 5ம² + 8ம − 4 என்று வேறு கோவையாக வருவது தெரியும். எனவே பூச்சியம் வருகிறதா என்று போட்டுப் பார்ப்பதைக் காரணியைத் தேடுவதற்கு வைத்துக்கொள்ளுங்கள், விடையைச் சோதிப்பதற்கு வேண்டாம்.

தேர்வில் முழுதாகப் பெருக்க நேரமில்லை என்றால்? அதற்கும் வழி இருக்கிறது. அந்தக் குறுக்குவழி எப்போது முழு உறுதி தரும், எப்போது தராது என்பதைத் தெரிந்து பயன்படுத்த வேண்டும்.

ம = 1 என்று போடுவது மிகச் சுலபம். கோவையில் கெழுக்களைக் கூட்டினால் போதும். 6 − 7 − 20 = −21. மகளின் விடையில் (2 − 5)(3 + 4) = −3 × 7 = −21. பொருந்துகிறது. கைடின் விடையில் (2 + 5)(3 − 4) = −7. பொருந்தவில்லை, அங்கேயே அது விழுந்துவிட்டது. எண் பெருக்கலைச் சரிபார்க்க இலக்கங்களைக் கூட்டி ஒன்பதைத் தள்ளிப் பார்க்கும் பழைய முறை உண்டல்லவா, அதன் நெருங்கிய உறவு இது.

இருபடிக் கோவைக்கு மூன்று விஷயங்கள் பொருந்தினால் விடை சந்தேகமில்லாமல் சரி: தலைக் கெழு, மாறிலி (ம இல்லாத கடைசி எண்), ம = 1 என்னும்போது மதிப்பு. ஏனென்றால் முதலும் கடைசியும் பொருந்தியபின் மீதி இருப்பது நடு உறுப்பு ஒன்றுதான். கூட்டுத்தொகையும் பொருந்திவிட்டால் அதற்கு வேறு வழியில்லை. ஆக, இருபடிக் கணக்குகளுக்கு இது பெருக்கலுக்குச் சமமான முழுச் சோதனை, மனக்கணக்காகவே செய்யலாம்.

முப்படிக்கு இது போதாது. ம³ − 6ம² + 11ம − 6 என்பதற்கு ஒரு பிள்ளை (ம − 1)(ம + 2)(ம + 3) என்று எழுதியதாக வைத்துக்கொள்ளுங்கள். தலைக் கெழு 1, சரி. மாறிலி −1 × 2 × 3 = −6, சரி. ம = 1 என்றால் இரண்டு பக்கமும் பூச்சியம், சரி. மூன்று சோதனையிலும் தேறிவிட்டது, ஆனால் விடை தப்பு. ம = −1 போட்டுப் பாருங்கள். கோவையில் −1 − 6 − 11 − 6 = −24. விடையில் −2 × 1 × 2 = −4. இப்போது பிடிபட்டது. சரியான விடை (ம − 1)(ம − 2)(ம − 3). முப்படிக்கு இந்த நான்கு சோதனைகளும் பொருந்தினால் சந்தேகம் வேண்டாம். பொதுவாகச் சொன்னால், இரண்டு வெவ்வேறு ந-படிக் கோவைகள் அதிகபட்சம் ந இடங்களில்தான் ஒரே மதிப்பைத் தர முடியும். ஆகவே ந + 1 இடங்களில் பொருந்தினால் இரண்டும் ஒன்றேதான்.

ம = 10 என்று போடுவதில் தனி அழகு இருக்கிறது. (ம + 2)(ம + 3) என்பது 12 × 13 ஆகிறது. 156. ம² + 5ம + 6 என்ற கோவையின் கெழுக்கள் 1, 5, 6 அப்படியே இலக்கங்களாக நிற்கின்றன! நாம் பத்தின் அடுக்குகளில் எண் எழுதுவதும், மாறியின் அடுக்குகளில் கோவை எழுதுவதும் ஒரே ஏற்பாடு என்பது பிள்ளைக்கு இங்கே கண்ணுக்கு முன்னால் தெரியும். நம் கணக்கில் 600 − 70 − 20 = 510, 15 × 34 = 510. கைடின் விடையில் 25 × 26 = 650.

ம = 100 இன்னும் வலுவானது. 60000 − 700 − 20 = 59280. மறுபக்கம் 195 × 304. 200 × 304 = 60800, அதிலிருந்து 5 × 304 = 1520 போனால் 59280. இரண்டு பக்கத்துக் கெழுக்களும் முழு எண்களாக, குறியை விட்டுப் பார்த்தால் 50-க்குக் குறைவாக இருந்தால், ம = 100 என்ற இந்த ஒரு சோதனையே முழு நிரூபணம். காரணம் இதுதான். இரண்டு கோவைகளும் வேறாக இருந்து, 100இல் மட்டும் தற்செயலாகப் பொருந்தினால், அவற்றின் வித்தியாசத்தில் மிகக் குறைந்த படியில் இருக்கும் கெழு 100-ஆல் வகுபட வேண்டும். 50-க்குக் குறைந்த எண்களின் வித்தியாசம் 100-ஐத் தொடாது, ஆகையால் அது நடக்காது. கோவைகளை இப்படிப் பெரிய எண்ணாக மாற்றிப் பெருக்கும் உத்திக்குக் குரோனெக்கர் பிரதியிடல் என்று பெயர். கணினிகள் கோவைகளைப் பெருக்குவதற்கும் இதைப் பயன்படுத்துகின்றன.

இனி, பெருக்கல் சொல்லாத ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். இதைச் சொல்லாமல் விட்டால் நான் பாதிதான் சொன்னவனாவேன்.

ம⁴ − 16 = (ம² − 4)(ம² + 4). பெருக்கிப் பாருங்கள், சரியாக வரும். ஆனால் காரணிப்படுத்துதல் முடியவில்லை, ம² − 4 இன்னும் (ம − 2)(ம + 2) என்று பிரியும். அதே மாதிரி 4ம² − 36 = (2ம − 6)(2ம + 6) என்பதும் பெருக்கினால் சரி. ஆனால் ஒவ்வொரு அடைப்பிலும் ஒரு 2 மாட்டிக்கொண்டிருக்கிறது. முழு விடை 4(ம − 3)(ம + 3). எழுதிய காரணிகளின் பெருக்கல் கேள்விக்குச் சமமா என்பதற்கு மட்டும்தான் பெருக்கல் பதில் சொல்லும். இன்னும் பிரிக்கலாமா என்பது வேறு கேள்வி, அதற்கு ஒவ்வொரு அடைப்பையும் தனியாகப் பார்க்க வேண்டும். உள்ளே பொது எண் இருக்கிறதா? இருபடியாக இருந்தால் அதன் தன்மைகாட்டி (நடுக் கெழுவின் வர்க்கத்திலிருந்து, தலைக் கெழுவையும் மாறிலியையும் பெருக்கியதன் நான்கு மடங்கைக் கழித்தது) முழு வர்க்கமா? இருபடிக் காரணி 2ம² + 3ம + 4 என்று மிஞ்சினால், 9 − 32 = −23, குறை எண், மெய்யெண்களில் இனிப் பிரியாது. 2ம² + 3ம − 5 என்றால் 9 + 40 = 49, முழு வர்க்கம், அப்படியானால் பிரியும், (2ம + 5)(ம − 1).

கொஞ்சம் ஏமாற்றும் கோவை ம⁶ − 1. இதை (ம²)³ − 1 என்று பார்த்தால் (ம² − 1)(ம⁴ + ம² + 1) என்று வரும். (ம³)² − 1 என்று பார்த்தால் (ம³ − 1)(ம³ + 1) என்று வரும். இரண்டு பிள்ளைகள் இரண்டு விடையை எழுதிக்கொண்டு சண்டை போடலாம், இரண்டுமே பெருக்கினால் சரி. முழுதாகப் பிரித்தால் இரண்டும் ஒரே இடத்துக்கு வந்து சேரும்: (ம − 1)(ம + 1)(ம² + ம + 1)(ம² − ம + 1). ம⁴ + ம² + 1 என்பது பிரியும் என்று பார்த்தவுடன் யாருக்கும் தோன்றாது. கடைசி இரண்டு அடைப்புகளைப் பெருக்கினால்தான் நம்பிக்கை வரும்.

வேறு மாதிரி தெரியும் விடையும் தப்பாக இருக்க வேண்டும் என்பதில்லை. உங்கள் மகள் (5 − 2ம)(−3ம − 4) என்று எழுதியிருந்தாலும் பெருக்கினால் −15ம − 20 + 6ம² + 8ம, அதே கோவைதான். இரண்டு அடைப்புகளையும் −1-ஆல் பெருக்கியிருக்கிறோம், அவ்வளவுதான். அடைப்புகளின் வரிசை மாறினாலும் ஒன்றுமில்லை. விடைப் பக்கத்தோடு எழுத்துக்கு எழுத்து ஒத்துப் பார்க்கும் பிள்ளை இங்கேயும் தன் சரியான விடையை அழித்துவிடும். அதனால்தான் விடையை விடையோடு ஒப்பிட வேண்டாம், பெருக்கிக் கேள்வியோடு ஒப்பிடு என்கிறேன்.

பெருக்கி வந்தது பொருந்தவில்லை என்றால் விடை முழுவதையும் அடித்துவிட்டுத் திரும்ப ஆரம்பிக்கவும் தேவையில்லை. எது பொருந்தவில்லை என்பதே தவறு எங்கே என்று காட்டிவிடும். நடு உறுப்பின் குறி மட்டும் மாறியிருந்தால் இரண்டு அடைப்புகளின் உள்குறிகளையும் மாற்றினால் சரியாகிவிடும், கைடில் நடந்தது அதுதான். மாறிலியின் குறி மாறியிருந்தால் ஒரு அடைப்பில் மட்டும் குறி தவறியிருக்கிறது. முதலும் கடைசியும் சரி, நடு எண் வேறு என்றால் எண் ஜோடியைத் தவறாகத் தேர்ந்திருக்கிறாள். எல்லாக் கெழுக்களும் ஒரே மடங்கில் குறைந்திருந்தால் பொதுக் காரணியை வெளியே எழுத மறந்திருக்கிறாள்.

தேர்வில் இதை விடையோடு சேர்த்து எழுத வேண்டியதில்லை. தாளின் ஓரத்தில் ரஃப் வேலையாகச் செய்தால் போதும். இருபடிக்கு ம = 1 சோதனை, நேரம் இருந்தால் நான்கு வரிப் பெருக்கல். முப்படிக்குப் பெருக்கலே மேல்.

அவள் கைடைத் திறப்பதற்கு முன் செய்து பார்க்க நான்கு கணக்குகள் தருகிறேன். நான்கையும் நான் காரணிப்படுத்தியே கொடுத்திருக்கிறேன், ஒன்று மட்டும் தப்பு. எது என்று அவள்தான் சொல்ல வேண்டும். ம = 1 போட்டால் அது பிடிபடாது, அப்படிப் பார்த்துத்தான் வைத்திருக்கிறேன்.

2ம² + 9ம − 18 = (2ம − 3)(ம + 6)

12ம² − ம − 6 = (3ம + 2)(4ம − 3)

ம³ + 2ம² − 5ம − 6 = (ம + 1)(ம − 2)(ம + 3)

ம³ − 7ம + 6 = (ம − 1)(ம + 2)(ம − 3)

தப்பானதைக் கண்டுபிடித்த பிறகு அதன் சரியான காரணிகளையும் அவளே எழுதட்டும். எழுதியதும் பெருக்கிப் பார்க்கட்டும். அழிரப்பர் பக்கத்தில் இருக்க வேண்டாம்.